யாளியின் தலையில் தொடங்காதீர்கள்

கேள்வி: எனக்கு 31 வயது. சத்துவாச்சாரியில் வீடு. ராணிப்பேட்டையில் ஒரு ஷூ கம்பெனியில் கணக்குப் பிரிவில் வேலை. பள்ளிக்கூடத்தில் நன்றாக வரைவேன். கல்யாணம், குழந்தை என்று விட்டுப்போனதை இரண்டு வருஷமாக மறுபடி பிடிக்கப் பார்க்கிறேன். ஸ்கெட்ச் நோட்டு நாலு வாங்கியாகிவிட்டது, எதுவும் பத்துப் பக்கத்தைத் தாண்டவில்லை. சில நாள் கை தானாக ஓடுகிறது. அப்புறம் வாரக்கணக்கில் நோட்டைத் தொடவே மனசு வருவதில்லை. போன மாதம் கோட்டைக்குள் ஜலகண்டேஸ்வரர் கோயில் கல்யாண மண்டபத்தில் உட்கார்ந்து ஒரு தூணை வரைந்தேன். யாளியின் தலைக்கே ஒரு மணி நேரம் ஆயிற்று. கால் பக்கம் வந்தபோது தாள் முடிந்துவிட்டது. போனில் மற்றவர்கள் போடும் படங்களைப் பார்த்தால் கை இன்னும் கட்டிப்போகிறது. திறமை இல்லாமல்தான் இப்படி ஆகிறதா? உற்சாகம் வரும்வரை காத்திருப்பதா, வராவிட்டாலும் உட்கார்வதா?
— வாசகி, வேலூர்

பதில்:

அன்புள்ள வாசகிக்கு,

யாளியின் தலையோடு ஒரு மணி நேரம் உட்கார முடிந்தவருக்குப் பொறுமையும் இருக்கிறது, கண்ணும் இருக்கிறது. தாள் முடிந்துபோனதற்குக் காரணம் வரிசை. முழு உருவம் எங்கே தொடங்கி எங்கே முடியும் என்று குறிக்காமல், கண்ணை இழுத்த இடத்தில் பென்சிலை வைத்துவிட்டீர்கள். தலை ஒரு அளவில் வளர்ந்துவிட்டால் உடம்பும் அதே அளவில்தான் வளர வேண்டும், தாள் வளராது. இதைத் திருத்த ஒரு ஞாயிற்றுக்கிழமை போதும். நாலு நோட்டும் பத்தாம் பக்கத்தில் நின்றதுதான் கொஞ்சம் ஆழமான விஷயம். அதை முதலில் பார்ப்போம்.

பாதியில் நின்ற நோட்டுகளைப் புரட்டினால் பெரும்பாலும் ஒரே மாதிரிதான் இருக்கும். முதல் பக்கத்தில் ஒரு முகம், அடுத்ததில் செம்பருத்தி, பிறகு கோபுரம், பிறகு போனில் பார்த்த ஏதோ ஒரு படத்தின் நகல். உங்கள் நோட்டுகளும் இப்படித்தான் என்றால் தினமும் நீங்கள் முதல் நாளிலேயே நிற்கிறீர்கள் என்று அர்த்தம். என்ன வரைவது என்று யோசிப்பதிலேயே பாதித் தெம்பு போய்விடும். நேற்று முகத்தில் கற்றது இன்று செம்பருத்திக்கு உதவாது. புதுசு என்கிற ஆசை மட்டுமே அந்தப் பக்கங்களைத் தள்ளிக்கொண்டு வருகிறது. அது ஆறிப்போகும்போது நோட்டும் நின்றுவிடுகிறது.

காத்திருப்பதா உட்கார்வதா என்று கேட்டீர்கள். உட்காருங்கள். ஆனால் வெறுமனே பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்தாலும் மூன்றாம் வாரம் சலித்துவிடும். உற்சாகம் எங்கிருந்தோ வந்து இறங்குவது போலத் தோன்றினாலும், பெரும்பாலும் அது நேற்று தீராமல் விட்ட ஒரு சின்னச் சந்தேகத்திலிருந்துதான் வருகிறது. 'அந்த விளிம்பு ஏன் தட்டையாகப் போயிற்று?' என்ற கேள்வி மனசில் இருந்தால், பஸ்ஸில் எதிரே இருப்பவர் பிடித்திருக்கும் சில்வர் தூக்கின் விளிம்பைக்கூடக் கண் தானாகப் பார்க்கும். கேள்வி இல்லாதவருக்கு அது வெறும் தூக்கு. ஆகவே நீங்கள் உருவாக்க வேண்டியது அந்தக் கேள்வி தினமும் ஒன்று மிச்சமாகும்படியான ஒரு பழக்கத்தை.

அதற்கு ஒரு மாதம் ஒரே பொருளை வரையுங்கள். உங்கள் ஊரிலேயே அருமையான பொருள் ஒன்று இருக்கிறது: இலவம்பாடி முள்கத்திரி. 2023-இல் புவிசார் குறியீடு பெற்ற அதே கத்திரிக்காய்தான். அதைச் சொல்வது ஊர்ப் பெருமைக்காக மட்டும் இல்லை. உடம்பு எளிமையான உருண்டை வடிவம், வரைய ஆரம்பிப்பவருக்கு அளவு பிடிபடும். தோலில் பளபளப்பு இருக்கிறது, வெளிச்சத்தைப் பற்றி எல்லாம் கற்றுக்கொடுக்கும். காம்பும் அதை ஒட்டிய தொப்பியும் முள்ளோடு சிக்கலாக இருக்கின்றன, ஆகவே சீக்கிரம் அலுக்காது. இன்னொன்று, அது நாளுக்கு நாள் மாறும். வெளியிலேயே வைத்தால் சில நாட்களில் பளபளப்பு மங்கும், தோல் சுருங்கும், தொப்பி ஓரம் காய்ந்து நிறம் மாறும். ஒரே காயைத் தொடர்ந்து வரைந்து, வாடியதும் அடுத்ததை எடுங்கள்.

மேஜையில் வெள்ளைத் தாள் ஒன்றை விரித்து அதன்மேல் காயை வையுங்கள். உங்கள் கண்ணிலிருந்து இரண்டடி தூரம். டியூப் லைட்டை அணைத்துவிட்டு, இடது பக்கம் கொஞ்சம் உயரத்தில் ஒரே ஒரு பல்ப் எரியட்டும். நீங்கள் இடதுகைக்காரர் என்றால் வலது பக்கம். இல்லாவிட்டால் உங்கள் கையின் நிழலே தாளில் விழும். வெளிச்சம் இரண்டு பக்கமிருந்து வந்தால் நிழல் குழம்பிப்போகும். ஆரம்பத்தில் ஷேடிங் வராமல் போவதற்குப் பெரும்பாலும் விளக்குதான் காரணம், கை இல்லை.

மொத்தம் 20 நிமிடம். முதல் இரண்டு நிமிடம் பென்சிலை எடுக்காமல் பார்ப்பது மட்டும். அடுத்த மூன்று நிமிடத்தில் தீப்பெட்டி அளவுக் கட்டங்கள் மூன்று போட்டு, ஒவ்வொன்றிலும் ஒரு நிமிடச் சின்னப் படம்: காயை நடுவில் வைத்து ஒன்று, ஓரத்தில் தள்ளி ஒன்று, கட்டத்தை நிரப்பும்படி பெரிதாக ஒன்று. மூன்றில் பிடித்ததைத் தேர்ந்தெடுத்துப் பன்னிரண்டு நிமிடம் பெரிதாக வரையுங்கள். கடைசி மூன்று நிமிடம் எழுதுவதற்கு. அந்த மூன்று நிமிடத்தைத் தயவுசெய்து விட்டுவிடாதீர்கள், இந்த முறையின் உயிரே அதில்தான் இருக்கிறது.

பெரிய படத்தில் முதல் இரண்டு கோடுகள் எல்லைக் கோடுகள். காம்பின் நுனி எங்கே வரும், காயின் அடி எங்கே வரும் என்று தாளின் மேலும் கீழும் சின்னதாகக் குறியுங்கள். இடது வலது எல்லையும் அப்படியே. பிறகு காயின் சாய்வைக் காட்டும் ஒற்றைக் கோடு. அதற்குப் பிறகுதான் வெளிக்கோடு. முள்ளெல்லாம் கடைசியில்.

நிழலுக்குக் கண்ணைச் சுருக்கிப் பாருங்கள். விவரங்கள் மறைந்து மூன்று திட்டுகள் மட்டும் தெரியும்: வெளிச்சம், நடுத்தரம், இருட்டு. அந்த மூன்றை மட்டும் போடுங்கள். பளபளப்பான புள்ளியில் பென்சிலே படக்கூடாது, தாளின் வெள்ளைதான் அங்கே வெளிச்சம். இங்கே பலர் செய்யும் தவறு, காயின் விளிம்பிலேயே மிகக் கறுப்பான நிழலைப் போடுவது. அப்படிப் போட்டால் உருண்டை தட்டையாகி, அட்டையில் வெட்டி ஒட்டியதுபோல நிற்கும். உண்மையில் அடர்ந்த நிழல் விளிம்பிலிருந்து கொஞ்சம் உள்ளே தள்ளி இருக்கிறது. விளிம்பை ஒட்டிய இடத்தில், கீழே விரித்த வெள்ளைத் தாளின் வெளிச்சம் பட்டு லேசாகத் தெளிந்திருக்கும். வெள்ளைத் தாளை விரிக்கச் சொன்னது இதற்காகத்தான். மேஜையில் விழும் நிழலிலும், காய் தொடுகிற இடத்தில்தான் மிக அழுத்தம், தள்ளிப் போகப் போக அது வெளிறும். முட்களை ஒவ்வொன்றாக எண்ணி வரைய வேண்டாம். வெளிக்கோட்டைத் தாண்டி நீட்டிக்கொண்டிருக்கும் நாலைந்தை மட்டும் கூர்மையாகக் காட்டினால், மற்றவற்றைப் பார்ப்பவர் கண்ணே நிரப்பிக்கொள்ளும்.

இரண்டு வாரத்துக்கு ரப்பரை ஒளித்து வையுங்கள். தப்பான கோடு தாளில் இருந்தால்தான் சரியான கோடு அதிலிருந்து எவ்வளவு தள்ளி வரவேண்டும் என்று தெரியும். அழித்துவிட்டால் மறுபடியும் அதே இடத்தில் அதே தப்பைப் போடுவோம்.

இனி அந்த மூன்று நிமிடம். பக்கத்தின் அடியில் தேதி, நேரம், விளக்கு எந்தப் பக்கம். பிறகு இரண்டே வரி: இன்று சரியாக வராதது ஒன்று, நாளை செய்ய வேண்டியது ஒன்று. 'படம் நன்றாக இல்லை' என்று எழுதினால் பயனில்லை. 'தொப்பி காயின்மேல் ஒட்ட வைத்ததுபோல இருக்கிறது. நாளை: தொப்பியின் இதழ் தோலில் போடும் மெல்லிய நிழலைக் கவனி' என்று எழுதினால், நாளை எங்கே தொடங்குவது என்பது இன்றே முடிவாகிவிட்டது. மறுநாள் களைத்துப்போய் வீட்டுக்கு வந்தாலும் 'என்ன வரைவது?' என்ற கேள்வி கிடையாது, அந்த வரியைப் படித்துவிட்டுத் தொடங்கலாம். கணக்குப் பிரிவில் வேலை செய்பவருக்கு இது புதிதாக இருக்காது. இன்றைய முடிவு இருப்புதான் நாளைய தொடக்க இருப்பு.

சாமான் எதுவும் புதிதாக வாங்க வேண்டாம். அந்த நாலு நோட்டுகளையே எடுத்து, கடைசிப் பக்கத்திலிருந்து தலைகீழாகத் தொடங்குங்கள். புது நோட்டின் முதல் பக்கத்தைப் போல அந்தப் பக்கங்கள் பயமுறுத்தாது. பென்சிலில் எச்பி ஒன்று, 2பி ஒன்று, 4பி ஒன்று போதும்; பி-க்கு முன் எண் கூடக் கூட பென்சில் மென்மையாகவும் கறுப்பாகவும் இருக்கும். வலது பக்கத்தில் மட்டும் வரையுங்கள், இரண்டு பக்கமும் வரைந்தால் 4பி தூள் எதிர்ப்பக்கத்தில் ஒட்டும். வேலூர் வெயிலைப் பற்றியும் சொல்ல வேண்டும். ஏப்ரல், மே மாதத்தில் உள்ளங்கை வியர்வை தாளில் இறங்கிவிட்டால் அந்த இடத்தில் பென்சில் சரியாக ஏறாது, திட்டுத் திட்டாக நிற்கும். கைக்கு அடியில் ஒரு கெட்டித் தாளை வைத்துக்கொள்ளுங்கள். ஃபேன் காற்றுக்கு இரண்டு கிளிப். வாட்டர்கலர் ஆசை வரும், வந்தால் மழைக்காலம் வரை தள்ளிப் போடுவது நல்லது. 40 டிகிரி வெயிலில் ஒரு பூச்சு காய்வதற்குள் அடுத்ததைச் சேர்க்க முடியாமல் விளிம்பு விளிம்பாகக் கறை நிற்கும். பழகாத கை அதைத் தன் குற்றம் என்று நினைத்துக்கொள்ளும். தொடங்கும்போது 300 ஜிஎஸ்எம் என்று போட்டிருக்கும் கெட்டித் தாளில் தொடங்குங்கள், சாதாரண ஸ்கெட்ச் நோட்டுத் தாள் தண்ணீர் பட்டால் அலை அலையாக எழும்பிவிடும்.

வாரக்கணக்கில் நோட்டைத் தொடாமல் போகிற அந்தக் காலங்களுக்கு வருகிறேன். 'மனசு வரவில்லை' என்று நாம் சொல்வதற்குள் மூன்று தனித்தனி விஷயம் இருக்கிறது. மூன்றுக்கும் மருந்து வேறு.

ஒன்று களைப்பு. மாதக் கடைசி, மார்ச் மாதக் கணக்கு முடிப்பு, குழந்தைக்குக் காய்ச்சல். அந்த நாட்களில் படம் வரையாதீர்கள். ஒரு கட்டம் போட்டு, வெள்ளையிலிருந்து கறுப்பு வரை ஏழு படியாகப் பென்சிலால் நிரப்புங்கள். ஐந்து நிமிடம், மூளைக்கு வேலை இல்லை, கைக்கு மட்டும். ஆறாம் படியும் ஏழாம் படியும் ஒன்றாகவே தெரிகிறதா, அதை அடியில் எழுதிவிட்டுத் தூங்கப் போங்கள்.

இரண்டாவது சலிப்பு. எட்டாம் நாளோ பன்னிரண்டாம் நாளோ கட்டாயம் வரும். கத்திரிக்காயைப் பார்த்தாலே வெறுப்பாக இருக்கும். அப்போது பொருளை மாற்றத் தோன்றும், மாற்றாதீர்கள். தூரத்தை மாற்றுங்கள்: தொப்பியை மட்டும் பக்கம் முழுக்க வரையுங்கள். அல்லது காயை இரண்டாக வெட்டி உள்ளே விதை அடுக்கை வரையுங்கள். அல்லது காயை விட்டுவிட்டு அதைச் சுற்றியுள்ள காலி இடத்தை மட்டும் கறுப்பாக்குங்கள், காய் வெள்ளையாக நடுவில் நிற்கும். சலிப்பு என்பது தெரிந்ததையே வரைகிறோம் என்று கண் சொல்வது. பெரும்பாலும் அதற்கு அடுத்த இரண்டு மூன்று நாளில்தான் இதுவரை கண்ணில் படாத ஒன்று பிடிபடும். வெளியேறுகிறவர்கள் அதற்கு முந்தின நாள்தான் வெளியேறுகிறார்கள், அதுதான் வருத்தம்.

மூன்றாவது, போனில் மற்றவர் படத்தைப் பார்த்து வருகிற பயம். இரண்டு மணி நேர வேலையை முப்பது நொடிக்குச் சுருக்கிய வீடியோவில் நின்று யோசித்த நிமிடங்கள் இருக்காது, கிழித்துப்போட்ட தாளும் இருக்காது. வரைவதற்கு முன்னால் பார்க்காமல், வரைந்த பிறகு பாருங்கள். பிடித்த படத்தைச் சும்மா சேமித்து வைக்காமல், வாரத்துக்கு ஒன்றை மட்டும் எடுத்து, அதில் நிழல் எங்கே, வெளிச்சம் எந்தப் பக்கம், எதை வரையாமல் விட்டிருக்கிறார் என்று மூன்று வரி எழுதுங்கள். பார்த்தவுடன் வரும் மலைப்பு, எழுதும்போது பாடமாக மாறும்.

வேலைக்குப் போகிற வழியையும் விடாதீர்கள். சத்துவாச்சாரியிலிருந்து ராணிப்பேட்டை போகும்போது ரத்தினகிரி மலை தெரியும். சில நொடி உற்றுப் பார்த்துவிட்டு, கம்பெனியில் டீ நேரத்தில் ஒரு துண்டுத் தாளில் அதன் வெளிக்கோட்டை நினைவிலிருந்து போடுங்கள். மறுநாள் பார்க்கும்போது எங்கே தப்பினீர்கள் என்று தெரியும். பார்ப்பதையும் வரைவதையும் இப்படிப் பிரித்துவைத்தால் பார்வை கூர்மையாகும். நம் பக்கத்து மலைகள் மரம் குறைந்த பாறை மலைகள், வெளிக்கோடு தெளிவாக விழும். இந்தப் பயிற்சிக்கு அதைவிட நல்ல மலை வேண்டாம்.

ஒரு மாதம் முடிந்ததும் கோட்டைக்குப் போங்கள். அதே மண்டபம், அதே தூண். இந்த முறை முதலில் உட்காரும் இடம். உயரமான ஒன்றை முழுதாக வரைய, அதன் உயரத்தைப்போல் குறைந்தது இரண்டரை மடங்கு தூரம் தள்ளி இருக்க வேண்டும். பத்தடித் தூண் என்றால் 25 அடி. அதைவிடக் கிட்டே உட்கார்ந்தால் அடியைப் பார்க்கத் தலையைக் குனிந்து, உச்சியைப் பார்க்க நிமிர வேண்டியிருக்கும். இரண்டு பார்வையில் பார்த்ததை ஒரு தாளில் சேர்த்தால் அளவு கெடும். போன மாதம் மண்டபத்துக்குள்ளேயே உட்கார்ந்தீர்கள், அங்கே அந்தத் தூரம் கிடைப்பது கஷ்டம். வெளியே முற்றத்தில் உட்கார்ந்து வெளி வரிசைத் தூண் ஒன்றை எடுங்கள். உள்ளேதான் உட்காருவேன் என்றால் தூண் முழுதும் வேண்டாம், ஒரு பகுதியை மட்டும் எடுங்கள். வெயில் உச்சிக்கு வந்தபின் போகாதீர்கள், காலையிலோ மாலையிலோ வெளிச்சம் பக்கவாட்டில் விழும்போதுதான் செதுக்கலின் ஆழம் தெரியும்.

பிறகு தாளின் மேலும் கீழும் ஒன்றரை சென்டிமீட்டர் விட்டு, தூணின் உச்சியும் அடியும் குறியுங்கள். கையை முழங்கை மடங்காமல் நீட்டி, ஒரு கண்ணை மூடி, பென்சிலில் பீடத்தின் உயரத்தைக் கட்டைவிரலால் அளந்து, அது முழு உயரத்தில் எத்தனை தடவை அடங்குகிறது என்று பாருங்கள். முழங்கை கொஞ்சம் மடங்கினாலும் கணக்கு மாறிவிடும். தாளிலும் அதே விகிதத்தில் பிரியுங்கள். பாய்கிற யாளியையும் அதன்மேல் இருப்பவரையும் தனித்தனியாகப் பார்க்காமல் ஒரே சாய்ந்த பிண்டமாக எடுத்து, சாய்வுக் கோடு ஒன்று போடுங்கள். தூக்கிய முன்னங்காலுக்கும் தூணுக்கும் நடுவே தெரியும் காலி இடத்தின் வடிவத்தை வரையுங்கள். காலை நேராக வரைந்தால் கால் எப்படி இருக்கும் என்று மனசுக்குத் தெரிந்ததை வரைந்துவிடுவோம், காலி இடத்துக்கு அப்படி ஒரு முன்முடிவு இல்லை. இவ்வளவும் இருபது நிமிடத்தில் முடிந்துவிடும். மிச்ச நேரத்தில் ஒரே ஒரு இடத்தை, வேண்டுமானால் யாளியின் தலையை, ஆசை தீர விவரமாக வரையுங்கள். மற்றதெல்லாம் வெறும் கோடாகவே இருக்கட்டும்.

அந்த மண்டபத்தில் வரையும்போது பக்கத்துத் தூணையும் பாருங்கள். பாயும் குதிரை, யாளி, மேலே வீரன் என்று அதே உருவங்கள் தூணுக்குத் தூண் திரும்பி வருகின்றன. தலையின் திருப்பம், காலுக்கு அடியில் இருப்பது, வீரனின் கை, இவை மாறுகின்றன. 16ஆம் நூற்றாண்டில் விஜயநகர ஆட்சிக் காலத்தில் அதைச் செதுக்கிய சிற்பிகள் புதுக் கருவைத் தேடி அலையவில்லை. கையில் இருந்த கருவையே மறுபடி மறுபடி எடுத்து, கல்லின் அகலத்துக்குள் அதை எவ்வளவு தூரம் கொண்டுபோகலாம் என்று பார்த்திருக்கிறார்கள். உங்கள் முப்பது கத்திரிக்காய்க்கு அதைவிட நல்ல துணை எனக்குத் தெரியாது.

தூணில் கை பழகியபின் விரிஞ்சிபுரம் கோயிலுக்குப் போகலாம். 'விரிஞ்சிபுரம் மதிலழகு' என்று பழமொழியே இருக்கிறது. நீண்ட மதில் தூரத்துக்குப் போகும்போது உங்கள் கண் மட்டத்துக்கு மேலிருக்கும் கல் வரிசைகள் இறங்குவதும், கீழிருப்பவை ஏறுவதும் அங்கே தெளிவாகத் தெரியும். கண் மட்டக் கோட்டை முதலில் போட்டுவிட்டுத் தொடங்குங்கள். உட்கார்ந்து தொடங்கிவிட்டு நடுவில் எழுந்து நின்று வரைந்தால் அந்தக் கோடே மாறிவிடும்.

வரைந்ததை எல்லோரிடமும் காட்ட வேண்டாம், ஒருவர் போதும். 'நல்லா இருக்கா?' என்று கேட்டால் 'நல்லா இருக்கு' என்பார்கள், அதில் உங்களுக்கு ஒன்றும் கிடைக்காது. 'முதலில் கண் எங்கே போகுது?' என்று கேளுங்கள். நீங்கள் யாளியின் தலை என்று நினைத்திருக்க, அவர் பீடத்தைக் காட்டினால், பீடத்தில் கறுப்பு அதிகமாகிவிட்டது என்று தெரிந்துவிடும். மறுநாள் எழுத வேண்டிய வரியும் கிடைத்துவிடும்.

கோட்டை தொல்லியல் துறையின் பாதுகாப்பில் இருக்கிறது, கோயிலில் வழிபாடும் நடக்கிறது. ஆட்கள் நடக்கும் வழியை விட்டு ஓரமாக உட்காருங்கள். தூணில் சாய்வதோ, அதன்மேல் தாளை வைத்துப் பென்சிலால் தேய்த்துப் படியெடுப்பதோ வேண்டாம். மடியில் அடங்கும் ஏ5 நோட்டும் பென்சிலும் மட்டும் கொண்டுபோங்கள், ஸ்டாண்டு, நாற்காலி எல்லாம் வேண்டாம். பென்சிலை வீட்டிலேயே சீவிக்கொண்டு போனால் கல் தரையில் தூள் சிந்தாது.